தாளின் தடிமன்: பூஜ்ஜியம்

திரையில் மலைக்குச் சிவப்பு, பள்ளத்துக்கு நீலம்.
இசார்பே இழுத்த கோடுகள் ஆயிரத்து நூற்றுப் பன்னிரண்டு.
ஒரு பொத்தானைத் தட்டினால்
அத்தனை மலையும் சாய்ந்து அத்தனை பள்ளத்திலும் படுத்துத்
தட்டையாகிவிடும், முனகாமல்.
மென்பொருள் பச்சை டிக் போடும்:
மடியும்.

சரகோசாவில், பழைய பீட்ரூட் சர்க்கரை ஆலையின்
மூன்றாம் தளம் எங்களுக்கு.
ஒரு மூலையில் தரை இன்னும் காலில் ஒட்டும்.
ஆலை மூடிய செய்தி எறும்புகளுக்குப் போய்ச் சேரவில்லை.
என் வேலை கம்பி.
மயிரைவிடச் சற்றே தடித்த நிக்கல்-டைட்டானியம்.
உலையில் ஒரு தரம் அதற்கு வடிவம் சொல்லிக்கொடுக்க வேண்டும்;
பிறகு எப்படிக் கசக்கினாலும்
எழுபது டிகிரி சூடு ஏறியதும் எழுந்து நின்று
ஒப்பித்துவிடும், வாய்ப்பாடு போல.

திட்டம் இவ்வளவுதான்:
கால் மணிக்கு ஒரு தரம் எப்ரோவின் நீர்மட்டம்
கரையில் நட்ட மானியிலிருந்து எண்ணாக வரும்.
நீர் ஏறினால் ஒன்பது மீட்டர் தாள் விரியும்.
இறங்கினால் மடியும்.
நிதி கேட்ட விண்ணப்பத்தில் சபியேர் இதையே
நான்கு பக்கம் எழுதினான்,
'உரையாடல்' என்ற சொல் பதினொரு இடத்தில்.

முதல் ஓட்டத்திலேயே கிழிந்தது.
பருத்தித் தாள் கிழிகிற சத்தம்
துணிக்கும் எலும்புக்கும் நடுவில் ஏதோ ஒன்று.
கம்பி தன் பாடத்தை விடவில்லை,
தாள் தன் மடிப்பை விடவில்லை.
இருபத்து நான்கு அடுக்கு வந்து கூடும் முனையில்
முட்டிக்கொண்டன இரண்டும்.

இசார்பே அளவுகோலை வைத்துப் பார்த்தாள்.
தாள் கால் மில்லிமீட்டர்.
இருபத்து நான்கு கால், ஆறு.
"இந்த ஆறு எங்கே உன் கணக்கில்?"
"கணிதத்தில் தாளுக்கு உடம்பு கிடையாது" என்றான் சபியேர்.

இரண்டு நாள் பேச்சில்லை.
கீழே பாரில் நாப்கினை உருவி
ஆளுக்கொரு பஹாரீத்தா மடித்து வைத்துவிட்டு
எழுந்து போனார்கள்.
இந்த ஊர்ப் பிள்ளைகள் எழுதப் பழகுமுன் மடிக்கும் குருவி அது.
இரண்டின் அலகும் ஆலிவ் எண்ணெயில் ஊறிக் கிடந்தன.
நான்தான் பில் கொடுத்தேன்.

மூன்றாம் நாள் தோல் தைப்பவர்களின் துளைக்கருவியோடு வந்தாள்.
நெரிசலான முனை ஒவ்வொன்றிலும்
பருப்பளவு ஓட்டை.
எண்பத்தெட்டு.
கிழிசலுக்கு மாவுப்பசை, அதன்மேல் மெல்லிய தாள்.
ஒட்டுப்போட்ட இடம் மட்டும் விரியும்போது
ஒரு நொடி தயங்கியது.
அந்த நொடியை நிரலில் சரிசெய்யட்டுமா என்றான் சபியேர்.
அவள் விரலில் காய்ந்த பசையை உரித்துக்கொண்டிருந்தாள்.
அவன் சரிசெய்யவில்லை.

காட்சி தொடங்கிப் பன்னிரண்டாம் நாள்.
பிரனீஸில் பனி உருகிக்கொண்டிருந்தது, அதன்மேல் மூன்று நாள் மழை.
மூலையிலிருந்த எறும்புகள் முட்டைகளைத் தூக்கிக்கொண்டு
சுவரில் ஏறின.
ஜன்னலுக்கு வெளியே ஆறு
பாலத்தின் கண்களைப் பாதிக்குமேல் விழுங்கியிருந்தது.
வாசலில் மணல் மூட்டைகள்.
உள்ளே
தாள் மடிந்துகொண்டிருந்தது.

வரிசை வரிசையாக, அவசரமில்லாமல்,
இத்தனை அழகாக அது மடிந்து நாங்கள் பார்த்ததில்லை.
"ஆறு வத்திடுச்சா?" என்று ஒரு சிறுவன் கேட்டான்.
வெள்ளம் மானியையே பிடுங்கிப் போயிருந்தது.
எண் வராத இடத்தில் நிரல்
பூஜ்ஜியம் என்று எழுதிக்கொண்டது.

சபியேர் மின்சாரத்தை நிறுத்த ஓடினான்.
"இரு" என்றாள் இசார்பே.
என் கம்பிகள் சூடேறி
வாய்ப்பாட்டைக் கடைசி வரி வரைக்கும் சொல்லி முடித்தன.
திரையில் பச்சை டிக்: மடிந்தது.

ஆனால் தாள் படியவில்லை.
ஆற்றின் ஈரத்தைக் குடித்துக் குடித்து
ஒவ்வொரு அடுக்கும் உப்பியிருந்தது.
அவள் மண்டியிட்டு
இடுக்குக்குள் அளவுகோலை நுழைத்தாள்.

"எவ்வளவு?"

"ஆறு."